அழகமுத்துவும் நீலக்கோட்டுக்காரனும்

அழகமுத்துவைப் பற்றி, தோட்டத்தின் மேல் பிரிவான மேல்கணக்கில் யாரிடம் கேட்டாலும் முதலில் அவனுடைய ரதி வேஷத்தைச் சொல்வார்கள். அப்புறம் குரலைத் தாழ்த்திக்கொண்டு அவனுடைய பொறாமையைச் சொல்வார்கள். இரண்டிலும் அவனை மிஞ்ச அந்த மலையில் ஆள் கிடையாது. அடுத்த லயத்து வரிசை வீட்டில் பீர்க்கங்கொடி நன்றாகக் காய்த்துவிட்டால் அன்றைக்கு அவனுக்குச் சோறு இறங்காது. ஆனாலும் நல்ல மனிதன்தான். பொறாமைக்காரர்களில் நல்லவர்களும் இருக்கிறார்கள், என்ன செய்வது.

ரத்தோட்டையிலிருந்து ரிவர்ஸ்டனுக்கு ஏறுகிற ரோட்டில், பனி மூட ஆரம்பிக்கிற வளைவுக்குக் கொஞ்சம் கீழே இருக்கிறது அந்தத் தோட்டம். அங்கே பிறந்து, அங்கேயே தேயிலை ஃபெக்டரியில் ரோலர் மெசினோடு மல்லுக்கட்டி, ஐம்பதை நெருங்கிக்கொண்டிருக்கிறவன் அழகமுத்து. வருஷம் முழுக்கக் கறுத்த மீசையும் அழுக்குக் களிசானுமாகத் திரிவான். மாசி வந்துவிட்டால் மீசை போய்விடும். தலையில் சவுரி ஏறும். காமன் பொட்டலில் ரதியாக நிற்பான்.

காமன் கூத்து தெரியாதவர்களுக்காக இதைச் சொல்லிவிடுகிறேன். மன்மதனைச் சிவன் எரித்த கதைதான். மாசி வளர்பிறையில் பொட்டலில் கம்பம் நடுவார்கள். வேஷம் கட்டுகிறவர்கள் கையில் காப்புக் கட்டி, பெண்டாட்டியைத் தொடாமல் கோயிலடியில் படுத்து விரதம் இருப்பார்கள். பௌர்ணமி இரவு கழிந்து விடிகிற நேரத்தில் சிவனின் நெற்றிக்கண் திறக்கும், காமன் எரிவான், ரதி புலம்புவாள். அந்தப் புலம்பலைக் கேட்கத்தான் கீழ்க்கணக்கு, அடுத்த தோட்டம், ரத்தோட்டை டவுன் என்று எங்கெங்கேயோ இருந்து சனம் வரும்.

சந்திரகாந்தாவும் அப்படி வந்தவள்தான். குமரியாக அடுத்த தோட்டத்திலிருந்து கூத்துப் பார்க்க வந்து, அழகமுத்து சேலை கட்டி மண்ணில் புரண்டு அழுததைப் பார்த்துக் கண் வீங்க அழுது, வீட்டுக்குப் போய் "கட்டினா அந்த ரதியத்தான் கட்டுவேன்" என்று ஆத்தாளிடம் ஒற்றைக் காலில் நின்றாள். கட்டிக்கொண்டாள். அதிலிருந்து மாசிக்கு மாசி அவன் கட்டியது அவளுடைய கூறைச்சேலையைத்தான். முன்வரிசையில் உட்கார்ந்து அவள் அழுவாள். அவள் கண்ணில் தண்ணீர் வருகிறதா என்று பார்த்துக்கொண்டே அவன் பாடுவான். மற்ற நூறு பேர் அழுதாலும் அவள் அழவில்லை என்றால் அவன் கணக்கில் அந்த வருஷம் கூத்து நடக்கவில்லை.

மகள் துஷாந்தினியை உக்குவளையில் கட்டிக் கொடுத்த பிறகு, சந்திரகாந்தா இத்தாலிக்குப் போனாள். மிலான் நகரத்தில் நடக்க முடியாத ஒரு வயசான அம்மாவைப் பார்த்துக்கொள்கிற வேலை. எட்டு வருஷம். "வெள்ளைக்காரனுங்க ஊரு, பாத்துக்க அழகமுத்து" என்று பக்கத்து வீட்டுச் சுந்தரம்மா எத்தனையோ தடவை கொளுத்திப் போட்டுப் பார்த்தாள். அவன் சிரித்துவிட்டுப் போவான். அத்தனை வருஷமும் அவள் சேலையை நப்தலின் உருண்டை போட்டு மடித்து வைத்து, மாசியில் எடுத்துக் கட்டிக்கொண்டான். ஆள் தூரத்தில் இருந்தபோது எட்டிப் பார்க்காத பொறாமை, ஆள் பக்கத்தில் வந்து உட்கார்ந்ததும் வந்து சேர்ந்தது. இதை எங்கே போய்ச் சொல்ல!

தை மாதம் வந்து இறங்கினாள். அந்த அம்மா கண்ணை மூடிவிட்டார், இனிப் போகமாட்டேன் என்றாள். லயமே வாசலில் கூடிவிட்டது. சொக்லட் வந்தது, சவுக்காரம் வந்தது, சென்ட் போத்தல் வந்தது. அப்புறம் பெட்டியின் அடியிலிருந்து புத்தகங்கள் வந்தன.

"என்னா சந்திரா, இதுக்கா பெட்டி அந்தக் கனம் கனத்திச்சி?" என்றாள் சுந்தரம்மா. "நான் ஏதோ தங்கக் கட்டின்னு நெனச்சேன்."

"ஓப்பரான்னு ஒண்ணு இருக்குக்கா அங்க. நம்ம கூத்து மாதிரி, கதை முச்சூடும் பாட்டுலயே நடக்கும். அத எப்பிடிக் கேக்குறதுன்னு சொல்லிக் குடுக்குற புத்தகம்."

"பாட்டுக் கேக்குறதுக்குமா புத்தகம்? ஏன்டி, காது பத்தாதா?"

எல்லாரும் சிரித்தார்கள். அழகமுத்து எல்லாரையும்விட உரக்கச் சிரித்தான். சந்திரகாந்தாவும் சிரித்துக்கொண்டே, "நானும் மொதல்ல அதத்தான் கேட்டேன்" என்றாள்.

அந்த அம்மா வயசுக் காலத்தில் ஒரு தியேட்டரில் ஓப்பராக்காரர்களுக்கு உடுப்புத் தைத்தவர். கால் போன பிறகும் தியேட்டரை விடவில்லை. சக்கர நாற்காலியைத் தள்ளிக்கொண்டு போகிறவளை அங்கே சும்மாவே உள்ளே விடுவார்களாம். அப்படித்தான் சந்திரகாந்தா போனது. பாஷை புரியவில்லை என்றதும் அந்த அம்மா முதலில் கொடுத்தது சின்னப் பிள்ளைகளுக்கான புத்தகம். கொட்டை எழுத்து, பக்கத்துக்குப் பக்கம் படம், கதை மட்டும். தியேட்டருக்குப் போகும்முன் கதையை முடிவு வரைக்கும் படித்துவிட்டுத்தான் போகவேண்டுமாம். யார் சாவார்கள் என்று தெரிந்த பிறகுதான் பாட்டில் காது போகும் என்பது அந்த அம்மாவின் கட்சி. அது தேறிய பிறகு இன்னொன்று கொடுத்தார். அதில் எந்தக் குரல் ராஜாவுக்கு, எந்தக் குரல் காதலிக்கு, பாடுகிறவர் எங்கே மூச்சு எடுக்கிறார், எங்கே கை தட்டலாம், எங்கே இருமக்கூடாது என்பதெல்லாம் இருந்தது. நூறு ஓப்பராவின் கதையைச் சுருக்கிச் சொல்கிற தடித்த புத்தகம் ஒன்றும், தியேட்டரில் மடியில் வைத்துப் பார்க்க உள்ளங்கை அளவில் ஒன்றும் உண்டு. கடைசியாக, கட்டில் பலகை போலப் பெரிய படப் புத்தகம். மேடையில் எடுத்த போட்டோக்கள், வழவழப்பான தாளில்.

இதையெல்லாம் அவள் விரித்துக் காட்டிச் சொல்லச் சொல்ல, அழகமுத்துவின் சிரிப்பு மெல்ல வற்றியது. எங்கே கை தட்டுவது என்று புத்தகம் போட்டிருக்கிறார்கள்! இருமக்கூடாது என்று புத்தகம் போட்டிருக்கிறார்கள்! இவன் உயிரைக் கொடுத்துப் பாடுகிறபோது முன்வரிசையில் கடலைக் கோது உடைகிற சத்தம் கேட்கும். யாராவது பிள்ளையைக் கூப்பிடுவார்கள். ஒரு தடவை சிவனாக நின்ற சசிக்குமாரின் ஃபோன் அடித்து, வேஷத்தோடேயே அவன் "ஹலோ" என்றான். அவனுகளுக்கு மட்டும் புத்தகமா? அழகமுத்துவுக்கு நெஞ்சுக்குள் ஏதோ கரித்தது. காட்டிக்கொள்ளாமல் எழுந்து போய்ப் பீலித் தண்ணீரில் முகம் கழுவினான்.

அவன் கழுவினாலும் அது போகவில்லை. சந்திரகாந்தா வேலை ஒழிந்தால் புத்தகமும் கையுமாக உட்கார்ந்தாள். காதில் ஹெட்செட், மடியில் புத்தகம், கண்ணில் தண்ணீர். அந்தத் தண்ணீரைப் பார்த்ததும் அழகமுத்துவுக்கு வயிறு பற்றிக்கொண்டது. அது அவன் சொத்தல்லவா!

"என்னாத்துக்கு அழுவுற?"

"நீங்களும் கேளுங்களேன்" என்று ஹெட்செட்டை அவன் காதில் செருகினாள். ஒரு பெண் குரல் உச்சத்தில் போய் அங்கேயே நின்று துடித்தது.

"ஆட்ட அறுக்குறாப்புல இருக்கு" என்றான்.

அவள் கோபப்பட்டிருந்தால்கூட அவன் தாங்கியிருப்பான். அவள் சிரித்தாள். "எனக்கும் அப்பிடித்தாங்க இருந்திச்சி. புத்தகத்தப் படிச்சதுக்கப்புறந்தான் காது தெறந்திச்சி."

"ஓஹோ. என் பாட்டக் கேட்டு அழுதியே, அன்னைக்கி எந்தப் புத்தகத்தப் படிச்சிட்டு வந்த?"

"அந்தக் கதை சின்னதுலருந்தே மனசுக்குள்ள இருந்திச்சிங்க. அதுதான் புத்தகம்."

நல்ல பதில். யாராக இருந்தாலும் அதோடு மனம் குளிர்ந்திருக்கும். அழகமுத்துவின் காதில் 'சின்னதுல' என்பது மட்டும்தான் விழுந்தது. அப்போது சின்னப் பிள்ளை, விவரம் தெரியாமல் அழுதாள். இப்போது விவரம் தெரிந்துவிட்டது. இப்படி ஒரு அர்த்தம் எடுத்துக்கொண்டான் அந்தப் புண்ணியவான்.

எரிகிற இடத்தில் எண்ணெய் விட்டது போல இன்னொன்று நடந்தது. காமன் கூத்துக்கு ஒத்திகை தொடங்கியது. வீட்டில் அவன் புலம்பலைப் பாடிப் பார்த்துக்கொண்டிருந்தபோது, கீரை ஆய்ந்துகொண்டிருந்த சந்திரகாந்தா வாய் தவறியோ அன்பாலோ சொன்னாள்: "தொண்டையில இருந்து பாடுறீங்க. அதான் விடியிறதுக்குள்ள தொண்டை கட்டிப்போவுது. மூச்ச வயித்தில இருந்து எடுத்துப் பாருங்க. புத்தகத்தில போட்டிருக்கு."

"எனக்குப் பாடச் சொல்லிக் குடுக்குறியா?"

"இல்லீங்க, நான் சும்மா..."

"முப்பது வருசமாப் பாடுறேன். எந்த வெள்ளக்காரனுக்கிட்டயும் போயி வயித்தக் காட்டிக் கேட்டதில்ல."

அன்று அவன் சாப்பிடவில்லை. மறுநாள் ஃபெக்டரியில் ரோலர் இரைகிற சத்தத்தில் யாருக்கும் கேட்காது என்று, வயிற்றில் கையை வைத்து மூச்சை இழுத்துப் பாடிப் பார்த்தது வேறு கதை. வந்த சத்தம் அவனுக்கே பிடிக்கவில்லை. அதற்கும் சேர்த்துப் புத்தகங்களைத் திட்டினான்.

இத்தனைக்கும் பிறகுதான் நீலக்கோட்டுக்காரன் வந்தான்.

படப் புத்தகத்தை மேசையில் வைத்தால் அது தானாகவே ஒரு பக்கத்தில் விரிந்தது. எத்தனை தடவை அந்தப் பக்கத்தைப் பார்த்திருந்தால் அப்படிப் பழகியிருக்கும்! அந்தப் பக்கத்தில் ஓர் இளைஞன் மண்டியிட்டிருந்தான். நீல வெல்வெட் கோட்டு, கழுத்தில் வெள்ளைத் துணி, தோள்வரை சுருட்டை முடி, மீசைகூட முளைக்காத முகம், ஈர உதடு. ஒரு கையை நெஞ்சில் வைத்து, மறு கையை யாரையோ கெஞ்சுவது போல நீட்டியிருந்தான். சந்திரகாந்தா அந்தப் பக்கத்தை முந்தானையால் துடைத்து, கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு மூடுவாள். அதை அழகமுத்து கதவிடுக்கால் பார்த்தான். ஒரு நாளல்ல, பல நாள்.

'யார் இவன்?' என்று ஒரு வார்த்தை கேட்டிருந்தால் இந்தக் கதையே கிடையாது. ஆனால் பொறாமைக்காரன் கேட்கமாட்டான். கேட்டால் பதில் வந்துவிடுமே! ஃபெக்டரியிலும், பஸ்ஸிலும், சாப்பாட்டிலும் அந்தப் பொடியனோடு மனசுக்குள் மல்லுக்கு நின்றான். என் மகள் வயசுகூட இருக்காது இவனுக்கு. மூஞ்சியைப் பார், பால் குடித்த பூனை மாதிரி. இவன் அழுதானாம், இவள் பார்த்தாளாம். கூடவே கண்ணாடியில் தன் மூஞ்சியையும் பார்த்தான். கன்னம் ஒட்டிப்போயிருந்தது. இந்த முகத்துக்கு ரதி வேஷம் இன்னும் எத்தனை மாசிக்கு என்ற நினைப்பு வேறு வந்து தொலைத்தது.

கம்பம் நட்டாயிற்று. காப்புக் கட்டியாயிற்று. இனி அவன் கோயிலடியில்தான் படுக்கவேண்டும். வீட்டுப் பக்கம் போகக்கூடாது, பெண்டாட்டியைத் தொடக்கூடாது. வேறு வருஷமென்றால் பக்தியோடு இருந்திருப்பான். இந்த வருஷம் பாய் முள்ளாகக் குத்தியது. நான் இங்கே பச்சைத் தண்ணீரும் பழமுமாகக் கிடக்கிறேன், அவன் அங்கே என் வீட்டு மேசையில் மல்லாந்து கிடக்கிறான், கேட்க நாதியில்லை. சிவ சிவா என்று சொல்லவேண்டிய வாயால் நீலக்கோட்டுக்காரனுக்குச் சாபம் கொடுத்துக்கொண்டிருந்தான்.

பௌர்ணமிக்கு முந்தின நாள் சந்திரகாந்தா மகள் வீட்டுக்குப் போவதாகச் சுந்தரம்மா யாரிடமோ சொன்னது அவன் காதில் விழுந்தது. உக்குவளைக்குப் போனால் பொழுது சாயத்தான் திரும்புவாள். பட்டப்பகலில், எல்லாரும் மலைக்குக் கொழுந்துக்குப் போயிருந்த நேரத்தில், விரதத்தையும் மீறி அழகமுத்து தன் வீட்டுக்குள்ளேயே திருடனாக நுழைந்தான். மேசையில் படப் புத்தகம் இருந்தது. இடுப்புச் சாரத்துக்குள் மறைத்து எடுத்துக்கொண்டு பொட்டலுக்கு வந்தான்.

பொட்டலில் லக்கலப் பக்கமிருந்து லொறியில் வந்த வைக்கோல் குவிந்து கிடந்தது. கம்பத்தைச் சுற்றி வைக்கோலும் மானாப்புல்லும் வைத்து மன்மதனை ஆளுயரத்துக்குக் கட்டுவது வழக்கம். அதை வருஷா வருஷம் கட்டுகிறவனும் அழகமுத்துதான். புத்தகத்தைக் காமனின் நெஞ்சுக்குள் திணித்தான். மேலே ஒரு கட்டு வைக்கோல் வைத்துக் கயிற்றால் இறுக்கினான்.

பள்ளத்தில் வீசியிருக்கலாமே என்று கேட்பீர்கள். ரத்தோட்டையில் பழைய பேப்பர் எடுக்கிற ஜமால்தீன் கடையில் எடைக்குப் போட்டிருக்கலாமே என்பீர்கள். அதெல்லாம் சும்மா திருடுகிறவன் செய்கிற வேலை. பொறாமைக்காரனுக்கு எதிராளி காணாமல் போனால் போதாது. எரியவேண்டும். அதுவும் இவன் கண்முன்னால், ஊர் பார்க்க, சிவன் கையாலேயே எரியவேண்டும். இவன் அந்தச் சாம்பலைச் சுற்றிவந்து பாடவேண்டும், சந்திரகாந்தா இவனைப் பார்த்து அழவேண்டும். அன்று கோயிலடியில் அவன் குறட்டை விட்டுத் தூங்கினான்.

தகனத்தன்று விடிவதற்குக் கொஞ்சம் முன்னால், வேஷம் கட்டுகிற தகரக் கொட்டகையில் அழகமுத்து உட்கார்ந்திருந்தான். முகத்தில் அரிதாரம் பூசி, கண்ணுக்கு மை தீட்டி, உதட்டில் சிவப்பு வைத்தாகிவிட்டது. சந்திரகாந்தா கூறைச்சேலையோடு வந்தாள். விரதக்காரனைத் தொடாமல் சேலையைப் பாயில் வைத்துவிட்டு விலகி நின்றாள்.

"இந்தாங்க, அந்தப் பெரிய படப் புத்தகத்த எங்கயும் பாத்தீங்களா?"

"எந்தப் புத்தகம்?"

"அதான், நீலக்கோட்டுப் படம் இருக்குமே. உக்குவளைக்குக் கொண்டுபோயி வச்சிட்டு வந்துட்டேனோன்னு புள்ளைக்கு ஃபோன் பண்ணேன், அங்கயும் இல்லயாம். இன்னைக்கி ஒங்க கையில குடுக்கணும்னு இருந்தேன்."

"எனக்கு என்னாத்துக்கு அது?" என்றான் அழகமுத்து, குரலில் விஷத்தோடு.

"அந்த நீலக்கோட்டு யாருன்னு நெனைக்கிறீங்க? அது பொம்பளங்க. ரெண்டு புள்ளைக்குத் தாயி."

அழகமுத்து கண்ணாடியிலிருந்து முகத்தைத் திருப்பினான்.

"நெசமாத்தான். அங்க சில ஓப்பராவுல வாலிபப் பையன் வேஷத்தப் பொம்பளதான் கட்டும். கல்யாணம் முடிஞ்ச கையோட பொண்டாட்டியச் சாகக் குடுத்த பையனா வந்து, அவ கெடக்குற எடத்தில மண்டி போட்டு அது பாடிச்சி. நான் மொத மொதப் பாத்தது அதுதான். அப்ப எனக்கு பாஷையும் தெரியாது, ஒண்ணும் தெரியாது. ஒரு பொம்பள ஆம்பளையா நின்னு அழுவுறது மட்டுந்தான் தெரிஞ்சிச்சி. எங்க வீட்டு ஆம்பள பொம்பளையா நின்னு இப்பிடித்தான அழுவாருன்னு நெனச்சேன். அன்னைக்கி இங்க மாசிங்க. தேம்பித் தேம்பி அழுதேன். அந்தம்மா பயந்துட்டாங்க. வெளிய வந்து, தெரிஞ்ச ரெண்டு வார்த்தையில, என் புருசனும் இப்பிடின்னு சொன்னேன். அதுக்கப்புறந்தான் அவங்க புத்தகம் புத்தகமா எடுத்துக் குடுத்தாங்க. ஒங்களாலதாங்க அம்புட்டுப் புத்தகமும் வந்திச்சி."

அவன் எழுந்து பாயிலிருந்த சேலையை எடுத்துச் சுற்ற ஆரம்பித்தான்.

"வந்த அன்னைக்கே சொல்லியிருப்பேன். வெறுங்கையோட சொன்னா நீங்க சிரிப்பீங்க. வேசம் கட்டி ஒக்காந்திருக்கும்போது படத்தப் பக்கத்தில வச்சிக் காட்டணும்னு ஆசப்பட்டேன்." அவள் கொட்டகை வாசலில் நின்று திரும்பிப் பார்த்தாள். "பரவால்ல. தேடினாக் கெடைக்கும். நல்லாப் பாடுங்க."

மாசிக்கு மாசி மீசையை வழித்துச் சேலை கட்டுகிறவன் அவன். ஆண் பெண்ணாவதில் இருக்கிற அத்தனை வித்தையும் அறிந்தவன். அந்த முகத்தில் மீசை இல்லாததையும் பார்த்தான், உதட்டையும் பார்த்தான், புத்தியில் மட்டும் ஏறவில்லை. எரிச்சல் கண்ணை மறைத்தால் இப்படித்தான். கொட்டகைக்கு வெளியே தப்பு மேளம் அதிர்ந்தது. ரதியைக் கூப்பிட்டுவிட்டார்கள்.

பொட்டலுக்கு வந்தபோது கிழக்கே வெளுத்திருந்தது. சிவன் வேஷத்தில் சசிக்குமார், ரத்தோட்டை ஸ்டாண்டில் த்ரீவீல் ஓட்டுகிற சசிக்குமார், பரணில் உட்கார்ந்திருந்தான். அங்கிருந்து காமன் வரைக்கும் கயிறு கட்டி, அதில் வாணம் தயாராக இருந்தது. அழகமுத்து நேரே ஓடிப்போய்ப் பரணடியில் விழுந்தான்.

"கொளுத்தாத சசி! வேணாம்டா, கையெடுத்துக் கும்பிடுறேன், கொளுத்தாத!"

சிவனிடம் ரதி கெஞ்சுவது கதையில் உள்ளதுதான். சனம் 'அய்யோ' என்றது. சசிக்குமார் குனிந்து, "அண்ணே, இந்த வருசம் சும்மா பின்னுறீங்க" என்று மெச்சினான்.

"டேய், நடிப்பில்லடா! உள்ள சாமான் ஒண்ணு இருக்கு, எடுத்துர்றேன், ஒரு நிமிசம் பொறு!"

தப்புச் சத்தத்தில் அது எங்கே கேட்கப்போகிறது? அவன் எழுந்து காமனை நோக்கி ஓடினான். ரதி தீயில் பாயப் போவாள், தடுத்துப் பிடிக்கவேண்டும். அதற்கென்றே நின்ற இரண்டு தடியன்கள் அவனை அமுக்கிப் பிடித்தார்கள். அவன் திமிறினான், கடித்தான். அவர்கள் மும்முரமாகப் பிடித்தார்கள். வாணம் கயிற்றில் சீறிக்கொண்டு போய்க் காமன் நெஞ்சில் பாய்ந்தது. காய்ந்த வைக்கோல், ஒரு மூச்சில் பிடித்துக்கொண்டது.

அழகமுத்து புலம்பினான். அன்றைக்குப் பாடியதை அந்தப் பொட்டல் அதற்குமுன் கேட்டதில்லை. எந்த இடத்தில் மூச்சு எடுத்தான், எங்கே ஏற்றினான் என்று அவனுக்கே தெரியாது. ஆட்டம் மறந்தது, சேலை நழுவியது, சவுரி ஒரு பக்கம் சரிந்து தொங்கியது. கடலை உடைக்கிற சத்தம் இல்லை. ஒருத்தர்கூட இருமவில்லை. யாரும் புத்தகம் படித்துவிட்டு வரவில்லை, ஆனாலும் பொட்டல் முழுக்க மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றது.

பாடிக்கொண்டே பழக்கத்தில் முன்வரிசையைப் பார்த்தான். சந்திரகாந்தா அழுதுகொண்டிருந்தாள். எட்டு வருஷத்துக்குப் பிறகு, அவனைப் பார்த்து, கண்ணும் மூக்கும் ஒழுக அழுதாள். எதற்காக அவன் இத்தனை நாளும் எரிந்தானோ, அது கிடைத்துவிட்டது.

அந்த நேரத்தில்தான் காமனின் நெஞ்சு இற்று விழுந்தது. வைக்கோல் எரிகிற வேகத்தில் புத்தகம் எரியாது. தீக்கு நடுவே தணலோடு வந்து விழுந்து, பழகிய பக்கத்தில் தானாக விரிந்தது. சூட்டில் தாள் சுருண்டது. நீலக் கோட்டு ஒரு கணம் பளிச்சென்று தெரிந்து கறுத்தது.

சந்திரகாந்தா அதைப் பார்த்தாள். அப்புறம் அவனைப் பார்த்தாள். அழுகை நின்றுவிட்டது. முந்தானையால் முகத்தை நன்றாகத் துடைத்துக்கொண்டாள்.

தீ அடங்கியதும் சனம் சாம்பல் எடுக்க நெருக்கியது. அதை நெற்றியில் வைத்துக்கொண்டால் பிணி அண்டாது என்பார்கள். "அழகமுத்து, கொன்னுட்டப்பா" என்று தோளில் தட்டிவிட்டுப் போனார்கள். சசிக்குமார் பரணிலிருந்து குதித்து வந்து காலைத் தொட்டுக் கும்பிட்டான். சுந்தரம்மாகூட மூக்கைச் சிந்தினாள். அழகமுத்து மண்ணில் உட்கார்ந்தபடியே இருந்தான். அரிதாரம் கன்னத்தில் கோடு கோடாக வழிந்திருந்தது.

சந்திரகாந்தா சாம்பலுக்குள் கை விட்டு ஒரு பிடி அள்ளினாள். அதில் வழவழப்பான தாள் துண்டு ஒன்று, ஓரம் கருகி, நடுவில் இன்னும் நீலமாக இருந்தது. நெற்றியில் அவள் வைத்துக்கொள்ளவில்லை. விரதக்காரனின் விரல் படாமல், அவன் உள்ளங்கைக்கு மேலே தன் கையைத் தூக்கிப் பிடித்து, எல்லாவற்றையும் அவன் கையில் கொட்டினாள்.

"இன்னைக்கித்தாங்க நீங்க வயித்தில இருந்து பாடினீங்க" என்றாள். சொல்லிவிட்டு லயத்தைப் பார்த்து நடந்தாள்.